கன அளவு மட்டுமே கணக்கு அன்று

தொடராக இணைக்கப்பட்ட வினைக்கலன்களின் அளவைக் கணிப்பது, வேதிப்பொறியியல் தேர்வுகளில் ஓயாமல் கேட்கப்படும் வினா. கேட்கப்படும் விதமும் மாறுவதில்லை. ஏ என்னும் பொருள் பி ஆக மாறுகிறது. 90 விழுக்காடு மாற வேண்டும். மொத்தக் கன அளவு எவ்வளவு?

விடையும் மனப்பாடம். முதல்வரிசை வினைக்கு, வேக மாறிலியை மொத்தத் தங்கும் நேரத்தால் பெருக்கினால், முழுதும் கலங்கும் ஒற்றைத் தொட்டியில் 9 வரும். சமமான இரண்டு தொட்டிகளில் 4.32, மூன்றில் 3.46, குழாய்க் கலனில் 2.30. இதிலிருந்து மாணவர் கொண்டுபோகும் பாடம் ஒன்றே: தொட்டிகளைப் பெருக்கினால் கன அளவு குறையும், குழாயே சிறந்தது. கணக்கு சரி. அதை விதியாக்கியதுதான் பிழை.

சித்திரபுரத்தைச் சூழ்ந்த மூணாறு மலைகளின் தேயிலைத் தொழிற்சாலைகள் இந்த விதியின் போதாமையைக் காட்டுகின்றன. சி.டி.சி. உருளைகளில் நசுங்கிய இலையில், பாலிஃபீனால் ஆக்சிடேஸ் நொதி காற்றின் ஆக்சிஜனைக் கொண்டு கேட்டச்சின்களை மாற்றுகிறது. தொழிற்சாலையில் இதைப் புளிக்கவைத்தல் என்பார்கள்; உண்மையில் இது ஆக்சிஜனேற்றம். முதலில் தியாஃபிளேவின்கள் உருவாகின்றன. தேநீரின் பளபளப்பும் சுறுசுறுப்பான சுவையும் அவற்றால் வருபவை. நேரம் கூடினால் அவையும் சிதைந்து தியாருபிஜின்களின் பக்கம் சாய்கின்றன; நிறம் ஏறும், சுவை மந்தமாகும். உரிய கணத்தில் இலையை உலர்த்திக்கு அனுப்பி நொதியை அடக்குவதே தொழில்நுட்பம். இங்கே கேட்டச்சின் எத்தனை விழுக்காடு மாறியது என்பது பாதிக் கேள்விதான். நடுவில் பிறக்கும் பொருள் எவ்வளவு மிஞ்சியது என்பதே முழுக் கேள்வி.

எளிமைக்காக இரு படிகளும் முதல்வரிசை, இரண்டின் வேக மாறிலியும் சமம் எனக் கொள்வோம். நடுப்பொருளின் உச்ச விளைவு ஒற்றைத் தொட்டியில் 25 விழுக்காடு. சமமான இரண்டு தொட்டிகளில் 29.6, மூன்றில் 31.6; குழாயில் 36.8. நான்கிலும் உச்சத்துக்கு வேண்டிய மொத்தத் தங்கும் நேரம் ஒன்றே. ஆகவே, ஒரே ஓட்ட வீதத்தில் மொத்தக் கன அளவும் ஒன்றே. கன அளவில் ஒரு லிட்டர்கூட மிச்சமாகவில்லை. விளைபொருள் மட்டும் மாறிவிட்டது. கன அளவை மட்டும் கேட்கும் தேர்வுக்கு இந்த வேறுபாடு கண்ணில் படவே படாது.

காரணம் தங்கும் நேரத்தின் பரவல். கலங்கும் கலனில் சில துளிகள் வந்தவுடன் வெளியேறும். சில நெடுநேரம் கிடந்து பாழாகும். இலை முன்பின்னாகக் கலக்காமல் நகரும் பட்டையில் எல்லா இலைக்கும் ஏறத்தாழ ஒரே நேரம் கிடைக்கிறது. சுழலும் உருளையில் முன்பின் கலப்பு கூடினால், பச்சை வாடை மாறாத இலையும் அளவு மீறிய இலையும் ஒரே குவியலில் வந்து விழும். மணத்தையும் செம்பு நிறத்தையும் கொண்டு கணம் குறிக்கும் தொழிலாளி இந்தப் பரவலைத்தான் கண்காணிக்கிறார். அவர் அறிவுக்குப் பாடத்திட்டத்தில் பெயரில்லை.

குழாயே சிறந்தது என்பதும் எங்கும் செல்லாது. நுண்ணுயிர் தன்னைத் தானே பெருக்கிக்கொள்ளும் வினையில், உயிரணு இல்லாத நீரைக் குழாய்க்குள் செலுத்தினால் வினை தொடங்கவே தொடங்காது. வேகம் உச்சம் தொடும்வரை கலக்கும் தொட்டி, அதன்பின் குழாய் என்னும் வரிசையே அங்கு மிகச் சிறிய கன அளவைத் தரும். எது முன், எது பின் என்பதை வினையின் வேக வளைவே தீர்மானிக்கிறது. லெவன்ஸ்பீல் 1962-இல் வெளியிட்ட பாடநூலின் வழிவந்த வகுப்புகள் இந்த வளைவை வரையக் கற்பிக்கின்றன. ஆனால் வளைவைப் படிப்பதற்குள் மணி அடித்துவிடுகிறது.

தொடக்க மாணவருக்கு எளிய கணக்கே போதும் என்பார்கள். தொடக்கத்துக்குப் போதும். இறுதித் தேர்விலும் அதே கணக்கு வந்தால் அது தொடக்கம் அன்று, முடிவு. கடினமான கணிதமும் இங்கே தேவைப்படவில்லை. மேலே உள்ள எண்கள் அனைத்தும் ஒரு தாளில், இளநிலை வகுப்பின் நுண்கணிதத்தில் அடங்குபவை. தேவைப்படுவது வினாவின் வரிசையை மாற்றும் துணிவு: எந்தப் பொருள் வேண்டும், வேகம் எப்படி மாறுகிறது, கலப்பு உதவுமா கெடுக்குமா. கன அளவு நான்காவதாக வரட்டும். அவ்வாறு கேட்கப்படும் நாளில், தேயிலைத் தொழிற்சாலையில் உழைப்பவரின் பிள்ளை தன் பெற்றோரின் வேலையைத் தன் பாடநூலில் அடையாளம் காணும்.