காளையின் எண்ணை எழுதி வையுங்கள்

போக்கிமான் என்ற வீடியோ கேம் விளையாடும் பிள்ளைக்கு மரபியல் ஓரளவு தெரிந்திருக்கிறது. கோயம்புத்தூரில் விலங்கியல் ஆசிரியையாக வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் என்ற முறையில் இதைத் தயங்காமல் சொல்கிறேன். கேம் பிள்ளைகளைக் கெடுக்கிறது என்ற பேச்சு வீட்டுக்கு வீடு இருக்கிறது. தூக்கம் கெடுவதும் கண் கெடுவதும் எனக்கும் கவலைதான். ஆனால் அந்தச் சின்னத் திரைக்குள் பிள்ளை என்ன கணக்குப் போடுகிறான் என்று பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கிற பெரியவர்கள் குறைவு.

என் மகள் வயிற்றுப் பேரன் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறான். கேம் கருவிக்குப் பக்கத்தில் எப்போதும் ஒரு நோட்டு இருக்கும். கேமில் வளர்க்கும் ஒவ்வொரு விலங்குக்கும் பக்கத்துக்கு ஆறு கட்டம் போட்டிருப்பான்: உயிர்ச்சக்தி, தாக்குதல், தற்காப்பு, சிறப்புத் தாக்குதல், சிறப்புத் தற்காப்பு, வேகம். ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 31 வரை ஓர் எண். அது பிறவியிலேயே வருவது. பின்னால் பயிற்சி கொடுத்து அந்த விலங்கின் பலத்தைக் கூட்டலாம். ஆனால் அதன் குட்டிக்குப் போவது பழைய பிறவி எண்தான். வாழும்போது சம்பாதித்த உடல்வலு வாரிசுக்குப் போகாது என்பதை வகுப்பில் புரியவைக்க நான் எவ்வளவோ பாடுபட்டிருக்கிறேன். இவன் அதைக் கேள்வியே கேட்காமல் ஏற்றுக்கொண்டிருக்கிறான். குட்டிக்கு எண் எப்படிப் போகும் என்று எனக்கே விளக்கினான்:

“அம்மா அப்பா ரெண்டுக்கும் சேத்தி பன்னெண்டு நம்பர் அமுச்சி. சும்மா விட்டா அதுல மூணுதான் குட்டிக்கு வரும். டெஸ்டினி நாட்டுன்னு ஒரு கயிறு இருக்குது, அதைக் குடுத்துட்டா அஞ்சு வரும். மிச்சமிருக்கிற ஒண்ணு அதுவா விழோணும்.”

அந்த மிச்ச ஒன்று 31 ஆக விழ வாய்ப்பு எவ்வளவு என்று கேட்டேன். முப்பத்திரண்டில் ஒன்று என்று உடனே சொன்னான். முட்டையிலிருந்து வருவது பொதுவாகத் தாயின் இனமாகத்தான் இருக்கும். இரண்டு வேறு இனங்கள் சேர வேண்டுமென்றால் ஒரே முட்டைக் குழுவைச் சேர்ந்திருக்க வேண்டும். எவர்ஸ்டோன் என்ற கல்லைப் பெற்றோரில் ஒன்றிடம் கொடுத்தால், 25 சுபாவங்களில் அதனுடைய சுபாவம் அப்படியே குட்டிக்கு வரும். இதில் பல உயிரியலில் இல்லாதவை, கேம் செய்தவர்கள் வைத்த விதிகள். ஆனாலும் வாரிசு என்பது பாதி பெற்றோரிடமிருந்து வருவது, பாதி சீட்டு விழுவது என்பதும், பல தலைமுறை தேர்ந்தெடுத்தால்தான் நினைத்தது கிடைக்கும் என்பதும் உண்மை. பத்தாம் வகுப்பு மரபியல் பாடத்தில் மெண்டலின் பட்டாணியை வைத்து நாம் சொல்ல முயல்வதும் இதைத்தான். பிள்ளைகள் 3:1 என்று மனப்பாடம் செய்கிறார்கள், பரீட்சை முடிந்ததும் மறக்கிறார்கள்.

ஒருநாள் ஒரே பெற்றோருக்குப் பிறந்த இரண்டை அவன் ஜோடி சேர்த்தான். கூடப்பிறந்தவை ஆயிற்றே என்றேன். “இதுல அதெல்லாம் ஒண்ணும் ஆகாது அமுச்சி” என்றான்.

ஆகாது என்பது சரிதான், இப்போதைய கேமில். தொடக்கத்தில் அப்படி இல்லை. போக்கிமானில் முட்டை வைக்கும் ஏற்பாடு முதலில் வந்தது 1999-இல் ஜப்பானில் வெளியான கோல்டு, சில்வர் கேம்களில். இரண்டு விலங்குகளின் தற்காப்பு எண்ணும் சிறப்பு எண்ணும் ஒரு குறிப்பிட்ட விதத்தில் ஒத்துப்போனால், இவை நெருங்கிய சொந்தம் என்று கணக்குப் பண்ணி அந்த ஜோடிக்கு முட்டையே தராது. 2002-இல் ரூபி, சஃபையர் வந்தபோது அந்தத் தடையை எடுத்துவிட்டார்கள். விளையாடுகிறவர்களுக்கு அது தொந்தரவாக இருந்திருக்கலாம். எனக்கு அந்தத் தடை போனது பெரிய இழப்பாகப் படுகிறது. நெருங்கிய சொந்தத்தைச் சேர்க்கக் கூடாது என்பதுதான் இனவிருத்தியில் முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது. அதன் சாயல் மட்டும் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது: ஒரே ஆள் வளர்த்த ஜோடியைவிட, வேறு வேறு ஆள் வளர்த்த ஜோடி சீக்கிரம் முட்டை வைக்கும். வேறு மொழிக் கேமிலிருந்து வந்த ஒன்றைச் சேர்த்தால் அபூர்வ நிறத்தில் குட்டி கிடைக்கும் வாய்ப்பு பல மடங்கு கூடும். வெளி ரத்தம் நல்லது என்கிறது கேம். ஏன் என்று மட்டும் சொல்வதில்லை.

வெளி ரத்தத்தை என் அப்பாவும் தேடிப் போவார். எங்கள் தோட்டம் காங்கேயத்துக்கும் தாராபுரத்துக்கும் நடுவில். கட்டுத்தரையில் எப்போதும் காங்கேயம் பசுக்கள் நிற்கும். ஒரு பசு பருவத்துக்கு வந்தால், அதைப் போட்ட காளை எது, அதன் தாயைப் போட்ட காளை எது என்று யோசித்துவிட்டுத்தான் எந்தத் தோட்டத்துக்கு ஓட்டிப்போவது என்று முடிவு செய்வார். பக்கத்திலேயே நல்ல பொலிகாளை நிற்கும். அது இந்தக் கிடாரியின் அப்பன் என்றால் அங்கே போக மாட்டார். கால் வலித்தாலும் அடுத்த ஊருக்கு நடப்பார். எழுதி வைத்தது ஒன்றுமில்லை, எல்லாம் ஞாபகத்தில். அந்த ஞாபகத்துக்குக் கொரங்காடும் துணை. கிளுவை வேலி போட்டு அடைத்து, கொழுக்கட்டைப் புல்லும் வெள்வேல மரமுமாக விட்டு வைத்த மேய்ச்சல் காட்டுக்குள் எந்தக் காளை நிற்கலாம் என்பதைத் தோட்டத்துக்காரர்தான் தீர்மானிப்பார். தெருவில் திரிந்து மேயும் மாட்டுக்கு வம்சாவளி சொல்ல முடியாது.

காங்கேயம் கன்றைப் பிறந்தவுடன் பார்த்து ஒன்றும் சொல்லிவிட முடியாது. செங்காவியாகப் பிறக்கும், ஆறு மாத வாக்கில்தான் அந்த நிறம் போய்ச் சாம்பல் ஏறும். காளைக்கன்று என்றால் வளர வளரத் திமிலும் முன்பக்கமும் பின்பக்கமும் கறுத்து வரும், காயடித்துவிட்டால் அந்தக் கறுப்பு வெளிறிவிடும். மயிலை, பில்லை, செவலை, காரி என்று நிறத்துக்கொரு பேர் இருந்தாலும், பசுவின் குணமும் பாலும் அது கன்று போட்ட பிறகுதான் தெரியும். கிடாரி பருவத்துக்கு வரவே ஏறக்குறைய மூன்று வருடம். கேமில் முட்டை பொரிந்த கையோடு ஆறும் எப்படி அமைந்தது என்று பார்த்துவிடலாம். இந்த வித்தியாசத்தைச் சொன்னதும் பேரன் யோசித்தான். “அப்ப தப்பா செலக்ட் பண்ணிட்டோம்னா நாலு வருசம் போச்சா?” என்றான். போச்சு. சுழி பார்த்து மாடு வாங்குகிற பழக்கமும் இந்தக் காத்திருப்பின் பதற்றத்தில் வளர்ந்தது என்பது என் எண்ணம். முதுகில் மயிர் சுழித்திருப்பதற்கும் மாட்டின் உழைப்புக்கும் சம்பந்தம் இருப்பதாக நான் நம்பவில்லை.

பழையகோட்டைப் பட்டக்காரர் குடும்பம் தலைமுறை தலைமுறையாகத் தேர்ந்தெடுத்து வளர்த்த மந்தையால்தான் இந்த இனம் ஒரு நிலையான வடிவத்துக்கு வந்தது. இன்றும் பழையகோட்டையில் காங்கேயம் மாட்டுக்கென்றே சந்தை கூடுகிறது. சித்திரையில் கண்ணபுரம் மாரியம்மன் கோயில் திருவிழாச் சந்தைக்குப் போனால் ஒரே இடத்தில் நூற்றுக்கணக்கில் பார்க்கலாம்.

மாடு எட்டாத நகரத்துப் பிள்ளைக்கு இன்னொரு இடம் இருக்கிறது. கோயம்புத்தூர் மருதமலை ரோட்டில் வீரகேரளத்துப் பக்கம் கரும்பு இனப்பெருக்க நிறுவனம். 1912-இல் தொடங்கியது. கரும்பு இங்கே நன்றாகப் பூத்து விதை பிடிக்கும், அதனால்தான் இந்த ஊரைத் தேர்ந்தார்கள். அங்கே வேலை செய்த விஞ்ஞானிகள் பார்பரும் டி.எஸ். வெங்கட்ராமனும் ‘வெள்ளை’ என்ற ஆலைக்கரும்பையும் காட்டில் வளரும் மெல்லிய கரும்பினத்தையும் சேர்த்து உருவாக்கிய கோ 205, 1918-இல் பஞ்சாப் வயல்களுக்குப் போனது. அந்தக் ‘கோ’ நம் கோயம்புத்தூர்தான். இனிப்பு ஒரு பக்கத்திலிருந்து, தாங்கும் சக்தி மறுபக்கத்திலிருந்து. 1930-களில் தாவரவியலாளர் ஜானகி அம்மாள் இங்கே கரும்பையும் மக்காச்சோளத்தையும் கலந்து பார்த்தார். முட்டைக் குழு என்று கேம் கோடு போட்டு வைத்திருக்கிறதே, அந்தக் கோடு இயற்கையில் எங்கே இருக்கிறது என்று பரிசோதித்த பெண் நம் ஊரில் வேலை செய்திருக்கிறார். இது எத்தனை பள்ளிகளில் பிள்ளைகளுக்குச் சொல்லப்படுகிறது?

அதே நிறுவனத்தின் கோ 0238, கர்னால் மையத்தில் உருவாகி 2009-இல் வெளிவந்தது. சர்க்கரையும் விளைச்சலும் கூடியதால் உத்தரப்பிரதேசக் கரும்புப் பரப்பில் மிகப் பெரும்பகுதியை அது ஒன்றே பிடித்துக்கொண்டது. பிறகு செவ்வழுகல் நோய் அதைப் பிடித்தது. எங்கு பார்த்தாலும் ஒரே ரகம் என்பதால் நோய் வயல் வயலாகப் பரவியது. ரகத்தை மாற்றுங்கள் என்று விவசாயிகளிடம் அரசே சொல்ல வேண்டியதாயிற்று. ஆறு எண்ணும் 31 ஆக ஒன்று அமைந்ததும் அதையே எல்லாரும் வளர்க்கிற கேமில் இந்த ஆபத்து கிடையாது. முன்பு வந்த கேம்களில் போக்கிரஸ் என்றொரு தொற்று இருந்தது. அது தொற்றினால் விலங்கு வேகமாகத் தேறும்!

நினைத்தபடி அமையாத குட்டிகளை என்ன செய்கிறாய் என்று பேரனிடம் கேட்டேன். ஒரு பெட்டிக்கு முப்பது பிடிக்கும். நிரம்பியதும் வரிசையாக ‘ரிலீஸ்’ அழுத்துவான். கட்டுத்தரையில் அந்தப் பொத்தான் இல்லை. உழவும் வண்டியும் டிராக்டருக்குப் போன பிறகு, கலப்பினப் பசு போடும் காளைக்கன்று யாருக்கும் வேண்டாததாகிவிட்டது. தாய்ப்பாலே சரியாகக் கிடைக்காமல் அது எங்கே போய்ச் சேருகிறது என்று மாடு வைத்திருக்கிற ஒவ்வொருவருக்கும் தெரியும். கிடாரிக்கன்றே பிறக்கும்படி பிரித்த விந்து இப்போது கிடைக்கிறது, அதை வரவேற்கிறேன். ஆனால் எதை விட்டுவிடுகிறோம், அது என்ன ஆகிறது என்ற கேள்வியைப் பதினான்கு வயதில் ஒரு பிள்ளை ஒருமுறையாவது கேட்டிருக்க வேண்டும்.

கோவை, திருப்பூர், ஈரோடு மாவட்டப் பள்ளிகளிலாவது மரபியல் பாடத்தைப் பிள்ளைகள் விளையாடும் முட்டைக் கணக்கிலிருந்து தொடங்குங்கள். கேமில் இருக்கிற விதி எது, இல்லாத விதி எது என்று அவர்களையே பட்டியல் போடச் சொல்லுங்கள். பிறகு வீரகேரளத்துக்கோ ஒரு மாட்டுத் தோட்டத்துக்கோ கூட்டிப்போங்கள்.

செய்முறைக்கு ஒன்றும் வாங்க வேண்டியதில்லை. இன்று பெரும்பாலும் பசுவுக்குச் சினை ஊசிதான். உறைவிந்து வருகிற அந்த மெல்லிய குழலின் மேல் காளையின் எண் அச்சடித்திருக்கும். ஊசி போட்டு முடிந்ததும் குழல் குப்பைக்குப் போகிறது. கால்நடை மருந்தகப் பதிவேட்டில் எண் ஏறினாலும் மாட்டுக்காரர் கைக்கு வருவது அரிது. அந்த ஊசியில் பிறந்த கிடாரிக்கன்று மூன்று வருடம் கழித்துச் சினைக்கு வரும்போது, அதன் அப்பன் எது என்று வீட்டில் யாருக்கும் தெரியாது. அதே காளையின் விந்தையே மறுபடி போட்டுவிட வாய்ப்பிருக்கிறது. என் அப்பா அடுத்த ஊருக்கு நடந்து தவிர்த்தது இதைத்தான். பசுவின் காதில் பன்னிரண்டு இலக்க மஞ்சள் வில்லை ஏற்கெனவே இருக்கிறது. ஒரு நோட்டில் அந்த எண், பக்கத்தில் காளை எண், ஊசி போட்ட தேதி, கன்று பிறந்த தேதி, கன்று கிடாரியா காளையா, நிறம் என்ன. ஆறு கட்டம் போடத் தெரிந்த பிள்ளைக்கு இது கஷ்டமே இல்லை. கால்நடைத் துறையும் தன் பங்குக்கு, ஊசி போடும்போதே காளை எண்ணைச் சின்ன அட்டையில் எழுதி மாட்டுக்காரரிடம் கொடுக்கும் முறையைக் கட்டாயமாக்கட்டும்.