காக்ஸ் டவுனில் வாசிக்கப்பட வேண்டிய சிவானந்தன்

பெங்களூரு காக்ஸ் டவுன் ஒரு பிரிட்டிஷ் அதிகாரியின் பெயரை இன்றும் சுமக்கிறது. 1809இல் ஆங்கிலேயர் அமைத்த தண்டுக்கும் அதன் பங்களாக்களுக்கும் உழைக்க வந்த தமிழரின் வழித்தோன்றல்கள் அதைச் சுற்றிய பகுதிகளில் வாழ்கின்றனர். ஊருக்கு வாய்த்தது உழைத்தவர்களின் பெயரல்ல. ஏகாதிபத்தியம் எதை நினைவில் நிறுத்தும், எதை அழிக்கும் என்ற இக்கேள்வியையே தன் ஒரே நாவலின் பொருளாக்கினார் அம்பலவாணர் சிவானந்தன்.

சமகால பிரிட்டிஷ் நாவல் என்றதும் ஆங்கில ஏடுகள் புக்கர் பட்டியலைத்தான் நீட்டுகின்றன. கொழும்பில் 1923இல் அஞ்சல் எழுத்தரின் மகனாகப் பிறந்த இந்த ஈழத்தமிழரின் பெயர் அங்கே அரிதாகவே காணப்படும். மலையகத்தில் ஆசிரியராகவும் பின்னர் வங்கி அதிகாரியாகவும் இருந்த அவர், 1958 இனக்கலவரத்துக்குப் பின் நாட்டைவிட்டு வெளியேறினார். லண்டன் சென்றால் அங்கே நாட்டிங்ஹில்லில் கறுப்பின மக்கள்மீது வெள்ளை வெறியர் தாக்குதல்! வங்கி அதிகாரியாக இருந்தவருக்கு நூலகமொன்றில் தேநீர் தரும் வேலைதான் கிடைத்தது. 1964இல் இன உறவுகள் நிறுவனத்தின் நூலகரானார். பெருமுதலாளிகளின் நிதியில் இயங்கிய அந்த நிறுவனத்தில் 1972இல் ஊழியரும் உறுப்பினரும் நிர்வாகத்தை எதிர்த்து வென்றனர். நிதி நின்றது, நிறுவனம் ஒடுக்கப்பட்டோர் பக்கம் வந்தது. சிவானந்தன் அதன் இயக்குநரானார். ‘ரேஸ்’ என்றிருந்த அதன் இதழ் 1974இல் ‘ரேஸ் அண்ட் கிளாஸ்’ ஆயிற்று. வர்க்கம் என்ற அந்த ஒரு சொல்லைச் சேர்த்ததில் அவருடைய அரசியல் முழுதும் அடங்கியிருக்கிறது.

‘வென் மெமரி டைஸ்’ 1997இல் வெளிவந்தபோது அவருக்கு வயது 73. சகாதேவன், ராஜன், விஜய் என மூன்று தலைமுறைகள். முதல் தலைமுறையில் தமிழரும் சிங்களரும் ஒரே தொழிற்சங்கக் கொடியின்கீழ் நிற்கின்றனர். தேர்தல் லாபத்துக்காக இனவாதம் தூண்டப்படத் தூண்டப்பட அந்த நினைவு மங்குகிறது. விஜய் பிறப்பால் சிங்களன். அவனை வளர்த்த தந்தை தமிழர். அவன் நிற்பதற்கு நாட்டில் இடமில்லாமல் போகிறது. பேரினவாத அரசை வன்மையாகச் சாடும் நாவல், துப்பாக்கியை அரசியலுக்கு மேலே வைத்த தமிழ்க் குழுக்களையும் விட்டுவைக்கவில்லை. பாத்திரங்கள் சில இடங்களில் அளவுக்கு மீறி அரசியல் பேசுகின்றன என்பது உண்மைதான். ஆனால் வேலைநிறுத்தத்தில் ஈடுபட்டவர்கள் வேறெதைப் பேசுவார்கள்?

காக்ஸ் டவுன் வாசகருக்கு இது அயல்நாட்டுக் கதையன்று. காவிரி நடுவர் மன்ற இடைக்கால உத்தரவையொட்டி 1991 டிசம்பரில் இதே நகரில் தமிழ் உழைப்பாளிகளின் குடிசைகள் தாக்கப்பட்டன. அல்சூர் ஏரியருகே திருவள்ளுவர் சிலை 18 ஆண்டுகள் மூடப்பட்டிருந்து 2009இல்தான் திறக்கப்பட்டது. 2016இல் மீண்டும் பேருந்துகள் எரிந்தன. தண்ணீர் கேட்கும் இரு மாநில விவசாயிகளையும் ஒரே மேடையில் அமர்த்தும் வேலை அரசுகளுக்கு ஒருபோதும் அவசரமாகத் தோன்றியதில்லை. பெங்களூருவின் பொதுத்துறை ஆலைகளில் கன்னடரும் தமிழரும் தெலுங்கரும் மலையாளிகளும் 1980–81இல் ஒன்றாக நடத்திய நீண்ட வேலைநிறுத்தத்தை அந்த ஆலைத் தொழிலாளரின் பேரப்பிள்ளைகளிடம் யார் சொல்லியிருக்கிறார்கள்? நகரின் தொழிற்சங்க நூலகங்கள் சிவானந்தனின் நாவலை வாங்கி வைக்கட்டும். அதனருகே அந்த வேலைநிறுத்தத்தின் கதையையும், முதியவர்கள் உயிரோடிருக்கும்போதே, கன்னடத்திலும் தமிழிலும் எழுதி வைக்கட்டும்.