வீடு ஒன்று, விலை இரண்டு

சென்ற ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் நமது நண்பர் ஒருவர் தம் மனைவியுடன் நம் வீட்டுக்கு வந்திருந்தார். நண்பருக்கு வயது முப்பத்தாறு. சென்னையில் ஒரு கம்பெனியில் உத்தியோகம். தாம்பரத்துக்கு அப்பால் அடுக்கு மாடிக் கட்டிடம் ஒன்றில் வீடு பார்த்து முடிவு செய்திருந்தார். அவர் முகத்தில் புது மாப்பிள்ளையின் களை இருந்தது. கையில் ஒரு காகிதக் கட்டும் இருந்தது.

"பாங்கியில் ஐம்பது லட்சம் கடன் கொடுக்கச் சம்மதித்து விட்டார்கள், ஸார். இருபது வருஷத்தில் தீர்ப்பதென்றால் மாதத் தவணை நாற்பத்து மூவாயிரத்துச் சொச்சம். முப்பது வருஷம் என்றால் முப்பத்தெட்டாயிரத்துச் சொச்சந்தான். மாதம் ஐயாயிரம் மிச்சமாகிறது. முப்பது வருஷமே உசிதம் என்று தோன்றுகிறது" என்றார்.

மாதம் ஐயாயிரம் என்பது அற்ப விஷயம் அல்ல. அதில் பால் கணக்குத் தீரும். பையனுடைய பள்ளிக்கூட வண்டிச் சத்தமும் தீரும். ஆகவே நாமும் தலையை ஆட்டி வைத்தோம்.

அதுவரை பேசாமல் இருந்த அம்மையார் அப்போதுதான் வாயைத் திறந்தார். "தவணை எவ்வளவு என்று எல்லாரும் சொல்கிறார்கள். மொத்தம் எவ்வளவு என்று ஒருவரும் சொல்லவில்லையே?" என்று கேட்டார்.

நண்பர் நம்மைப் பார்த்தார். நாம் நண்பரைப் பார்த்தோம். இரண்டு பேரிடமும் பதில் இல்லை. பிறகு மூவருமாக உட்கார்ந்து கணக்குப் போட்டோம். அந்தக் கணக்கை நேயர்களிடமும் சொல்லி விடுவது நம் கடமை என்று கருதுகிறோம்.

கடன் ரூ. 50 லட்சம். வட்டி வருஷத்துக்கு 8½ சதவிகிதம். இந்த வட்டி இடையில் மாறாது என்று தற்சமயத்துக்கு வைத்துக் கொள்வோம். இருபது வருஷத் தவணை மாதம் ரூ. 43,391. இருநூற்று நாற்பது மாதமும் தவறாமல் கட்டி முடித்தால், மொத்தம் கொடுத்தது ஏறக்குறைய ரூ. 1 கோடியே 4 லட்சத்து 14 ஆயிரம். அதாவது அசலுக்கு ஐம்பது லட்சம், வட்டிக்கு ஐம்பத்து நாலு லட்சம். வாங்குவது ஒரு வீடுதான். கொடுப்பது இரண்டு வீட்டின் விலை. ஒன்றில் நாம் குடியிருக்கிறோம். மற்றொன்றில் வட்டி குடியிருக்கிறது. அது வாடகை தருவதில்லை.

முப்பது வருஷக் கணக்கோ இதைக் காட்டிலும் விசேஷமானது. தவணை ரூ. 38,446. மொத்தம் ரூ. 1 கோடியே 38 லட்சத்து 40 ஆயிரம். மாதம் ரூ. 4,945 மிச்சம் பிடிப்பதற்காக முடிவில் முப்பத்து நாலு லட்சத்துக்கு மேல் அதிகம் கொடுக்கிறோம். இதற்கு மிச்சம் என்று பெயர் வைத்தவரை நாம் தரிசிக்க விரும்புகிறோம்.

"இரண்டு மடங்கு" என்றதும் நமக்கு ஒரு பழைய சட்டம் ஞாபகத்துக்கு வந்தது. 1937-ல் சென்னை மாகாணத்தில் ராஜாஜியின் தலைமையில் காங்கிரஸ் மந்திரி சபை ஏற்பட்டது. மறு வருஷமே விவசாயிகளின் கடன் நிவாரணத்துக்காக ஒரு சட்டம் நிறைவேறியது. 1932-ஆம் வருஷம் அக்டோபர் முதல் தேதிக்கு முன் ஏற்பட்ட கடன்களைப் பற்றி அதில் ஒரு விதி உண்டு. விவசாயி ஒருவர் அசலும் வட்டியுமாகச் சேர்த்து அசலைப் போல் இரண்டு பங்கு கொடுத்திருந்தால், அந்தக் கடன் முழுவதும் தீர்ந்து விட்டதாகவே கொள்ள வேண்டும் என்பது அந்த விதி. கடன் எந்த இடத்தில் கடன் என்ற எல்லையைத் தாண்டுகிறது என்பதற்கு, அந்த நாளில் நம் பெரியவர்கள் போட்ட கோடு இரண்டு மடங்கு. நமது நண்பர் தம் சொந்தச் சம்மதத்தின் பேரில், சந்தோஷமாக, அந்தக் கோட்டைத் தாண்டுவதற்குக் கையெழுத்துப் போடப் போகிறார்!

இப்படிச் சொல்வதனால் பாங்கிக்காரரைப் பழைய லேவாதேவிக்காரருடன் சேர்த்து விடக் கூடாது. அது நியாயம் ஆகாது. பாங்கி ஒவ்வொரு மாதமும் பாக்கி நிற்கும் அசலுக்குத்தான் வட்டி கணக்கிடுகிறது. வட்டிக்கு வட்டி போடவில்லை. கள்ளக் கணக்கும் எழுதவில்லை. அது நமக்குக் கொடுக்கும் பணம் பெரும்பாலும் வேறு குடும்பங்கள் போட்டு வைத்த டிபாஸிட்டுப் பணம். அவர்களுக்கும் வட்டி கொடுத்தாக வேண்டும். அப்படியானால் தொகை இவ்வளவு பெருகுவது எதனால்? காலத்தினால்தான். வருஷம் நீள நீள, வட்டி ஆலமரம் போல் விழுது விடுகிறது.

முதல் மாதத்தையே எடுத்துக் கொள்ளலாம். ஐம்பது லட்சத்துக்கு ஒரு மாத வட்டி ரூ. 35,417. இருபது வருஷத் தவணையில் இது போக, அசலில் கழிவது ரூ. 7,974. முப்பது வருஷத் தவணையிலோ அசலில் கழிவது ரூ. 3,029 தான். மாதந்தோறும் அசல் சிறிது குறைகிறது. அதனால் வட்டியும் சிறிது குறைகிறது. அசலுக்குப் போகும் பங்கு சிறிது கூடுகிறது. ஆனால் இந்த மாறுதல் நத்தை வேகத்தில் நடப்பது. இருபது வருஷக் கடனிலே கூட, தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போக ஆரம்பிப்பது பன்னிரண்டாம் வருஷத்தின் கடைசியில்தான். பத்து வருஷத்தில் ரூ. 52 லட்சம் கட்டிய பிறகு, கடன் இன்னும் 35 லட்சம் நிற்கும். முப்பது வருஷக் கடனாக இருந்தால், பத்து வருஷத்தில் 46 லட்சம் கட்டிய பிறகும் 44 லட்சத்துக்கு மேல் நிற்கும்.

இதைக் கேட்டதும் அம்மையார் விரல் விட்டு எண்ணத் தொடங்கினார். "இவருக்கு அறுபது வயதில் உத்தியோகம் முடிந்து விடும். அதற்கு இருபத்து நாலு வருஷந்தான் இருக்கிறது. முப்பது வருஷக் கடன் என்றால், அப்போது எவ்வளவு பாக்கி நிற்கும்?" என்றார். கணக்குப் பார்த்தோம். ஏறக்குறைய ரூ. 21 லட்சத்து 60 ஆயிரம். சம்பளம் நின்ற பிறகும் ஆறு வருஷம் தவணை நிற்காது. பிராவிடண்டு பணத்தை எடுத்துக் கடனை அடைக்க வேண்டும். அல்லது பையன் முதற்சம்பளம் வாங்குகிற காலத்தில் தகப்பனாரின் தவணையை அவன் தலையில் வைக்க வேண்டும். நண்பரின் முகத்தில் இருந்த மாப்பிள்ளைக் களை சற்று மங்கியது.

வட்டி மாறாது என்று வைத்துக் கொண்டோம் அல்லவா? உண்மையில் அது மாறும். 2019 அக்டோபர் முதல், பாங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை ரெப்போ முதலிய வெளி அளவுகோல் ஒன்றுடன் பிணைத்து வைக்க வேண்டும் என்று ரிஸர்வ் பாங்கி விதித்தது. 2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 4 சதவிகிதத்திலிருந்து 6½ சதவிகிதமாக ஏறியது. அதற்குச் சற்று முன்னால் ஒருவர் 6¾ சதவிகித வட்டியில் ஐம்பது லட்சம் வாங்கியிருந்தால், இருபது வருஷத்துக்கு அவருடைய தவணை ரூ. 38,018. இரண்டரை சதவிகிதம் ஏறி 9¼ ஆனதும், ஐம்பது லட்சத்துக்கு ஒரு மாத வட்டி மட்டும் ரூ. 38,542. தவணை முழுவதும் வட்டிக்கே காணாது! இத்தகைய சமயத்தில் தவணையை உயர்த்தாமல் வருஷத்தை மட்டும் நீட்டிக் கொண்டே போனால், கடன்காரர் நடந்து கொண்டே இருப்பார். ஊர் மட்டும் வந்து சேராது.

அநேகருக்கு இப்படித் தவணைக் காலம் நீண்டது. தவணைத் தொகை மாறாததால் பலர் அதைக் கவனிக்கவும் இல்லை. 2023 ஆகஸ்டில் ரிஸர்வ் பாங்கி இதைப் பற்றி ஓர் உத்தரவு பிறப்பித்தது. வட்டி மாறும்போது அதன் பலனைக் கடன் வாங்கியவருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டுமா என்று தேர்ந்து கொள்ளும் உரிமை அவருக்கு உண்டு என்பது அதன் சாரம். உரிமை ஏற்பட்டு விட்டது. அதைக் கேட்டு வாங்குவது நம்முடைய பொறுப்பு.

வட்டி குறையும் காலமும் வரும். 2025-ல் ரெப்போ பல தடவை குறைந்தது. அப்போது தவணையைக் குறைத்துக் கொள்ளலாமா என்று மனம் சபலப்படும். நாம் சொல்லும் யோசனை இதுதான்: வட்டி குறைந்தால் தவணையைக் குறைக்காதீர்கள், வருஷத்தைக் குறையுங்கள்.

கடன் வாங்குவதே பிசகு என்று நாம் உபதேசம் செய்ய வரவில்லை. கடன் இல்லாமல் வீடு வாங்கக் கூடியவர்கள் நம் நேயர்களில் எத்தனை பேர்? வாடகை கொடுத்துக் கொண்டிருந்தாலும் பணம் போகத்தான் போகிறது. வீட்டுக்காரர் நினைத்த போது மூட்டை கட்ட வேண்டியும் வருகிறது. மேலும், இருபது வருஷத்துக்குப் பிறகு கொடுக்கும் ரூபாய் இன்றைய ரூபாய் அல்ல. விலைவாசி வருஷத்துக்கு 5 சதவிகிதம் ஏறினால், கடைசித் தவணையான ரூ. 43,391 இன்றைய ரூ. 16,350-க்குத்தான் சமானம். இதையும் சொல்லாவிட்டால் நம் கணக்கு ஒரு பக்கம் சாய்ந்த தராசு ஆகி விடும். ஆனால் சம்பளமும் அதே வேகத்தில் ஏறிக் கொண்டே இருக்கும் என்பதற்குப் பத்திரம் எழுதிக் கொடுப்பவர் யாரும் இல்லை. தவணைக்கு மட்டும் பத்திரம் இருக்கிறது.

ஆகவே, கையெழுத்துப் போடுவதற்கு முன் செய்ய வேண்டியவை சில உண்டு. முதலாவது, பாங்கி கொடுக்கும் காகிதங்களைப் படிப்பது. 2024 அக்டோபர் முதல், இத்தகைய கடன் ஒவ்வொன்றுக்கும் முக்கிய விவரங்கள் அடங்கிய தாள் ஒன்றைக் கொடுக்க வேண்டும் என்பது ரிஸர்வ் பாங்கியின் உத்தரவு. கட்டணங்களையும் சேர்த்த உண்மையான வருஷ வட்டி வீதமும், மாதவாரியான தவணை அட்டவணையும் அதில் இருக்க வேண்டும். நண்பரின் காகிதக் கட்டைப் புரட்டிப் பார்த்தோம். அம்மையார் கேட்ட மொத்தத் தொகை அதிலேயே அச்சாகியிருந்தது! அதை நண்பரும் படிக்கவில்லை. நாமும் படித்திருக்க மாட்டோம்.

இரண்டாவது, கடனையே சிறிது குறைப்பது. அசலில் ஒரு லட்சம் குறைத்து வாங்கினால், இருபது வருஷத்தில் கொடுப்பது இரண்டு லட்சத்து எட்டாயிரம் குறைகிறது. ஓர் அறை குறைந்தாலும் பாதகம் இல்லை. தூக்கம் குறையாமல் இருக்கும்.

மூன்றாவது, ஆரம்ப வருஷங்களில் கையில் கிடைக்கும் உபரிப் பணத்தைக் கடனில் கட்டுவது. மேற்சொன்ன இருபது வருஷக் கடனில், முதல் வருஷக் கடைசியில் போனஸ் பணம் ஒரு லட்சத்தை அதிகமாகக் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால், முடிவில் பதினோரு மாதத் தவணை குறைகிறது. அதாவது ஒரு லட்சம் ரூபாய் சுமார் 4 லட்சத்து 80 ஆயிரம் ரூபாயின் வேலையைச் செய்கிறது. அதே ஒரு லட்சத்தைப் பத்தொன்பதாம் வருஷத்தில் கட்டினால் மிச்சமாவது சொற்பந்தான். மாறும் வட்டியில் தனி நபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்னதாகத் தீர்ப்பதற்குப் பாங்கிகள் அபராதம் விதிக்கக் கூடாது என்று 2012-லேயே ரிஸர்வ் பாங்கி உத்தரவிட்டிருக்கிறது. ஒரே ஒரு எச்சரிக்கை: வைத்தியத்துக்கும் வேலை போன சமயத்துக்கும் என்று ஆறு மாதச் செலவைத் தனியாக எடுத்து வைத்த பிறகே இதைச் செய்ய வேண்டும். சுவரை விற்று உலை வைக்க முடியாது.

நண்பர் நெடு நேரம் யோசித்தார். பிறகு தம் மனைவியைப் பார்த்து, "இருபது வருஷமே இருக்கட்டுமா?" என்றார்.

"இருபது வருஷம்; ஐம்பதுக்குப் பதிலாக நாற்பத்தைந்து லட்சம். அதே கட்டிடத்தில் சின்ன வீடு ஒன்று இருக்கிறதென்று சொன்னார்களே, அதைப் பார்க்கலாம்" என்றார் அம்மையார். மாதத் தவணை ரூ. 39,052 என்று நாம் கணக்குச் சொன்னோம். முப்பது வருஷத்துக்கு நண்பர் கொடுக்கத் துணிந்திருந்த தவணைக்கும் இதற்கும் அறுநூறு ரூபாய்தான் வித்தியாசம். கடன் தீரும்போது நண்பருக்கு வயது ஐம்பத்தாறு.

புறப்படும் போது நண்பர் கிருகப் பிரவேசத்துக்கு அவசியம் வர வேண்டும் என்று அழைத்தார். வருகிறோம் என்று வாக்களித்தோம். ஆனால் வேறொரு நாளுக்கும் இப்போதே அழைப்பு வாங்கிக் கொண்டோம். கடைசித் தவணை கட்டி முப்பது நாளுக்குள் பாங்கி அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். அதன் பேரில் தாமதம் ஏற்பட்டால் நாளொன்றுக்கு ஐயாயிரம் ரூபாய் ஈடு கொடுக்க வேண்டும் என்று 2023-ல் ரிஸர்வ் பாங்கி விதித்திருக்கிறது. அந்தப் பத்திரம் வீட்டுக்கு வந்து சேரும் நாளில்தான் வீடு வீட்டுக்காரருடையதாகிறது. அன்றைக்கு நமக்கும் ஓர் இலை போட வேண்டும் என்று சொல்லி வைத்தோம். பாயசம் செய்வதாக அம்மையார் ஒப்புக் கொண்டிருக்கிறார்.