மேலவை நாற்காலி யார் கையில்?

மலேசியாவின் கேமரன் மலைக்கு ஏறும் பழைய சாலை பேராக் மாநிலத்துத் தாப்பாவில் தொடங்குகிறது. 2022 நவம்பர் பொதுத்தேர்தலில் அந்தத் தாப்பா தொகுதியில் மலேசிய இந்தியர் காங்கிரசின் (ம.இ.கா.) சரவணனிடம் தோற்றவர் சரஸ்வதி கந்தசாமி. அடுத்த மாதமே அவர் மேலவை உறுப்பினர் (செனட்டர்), துணையமைச்சர். பின்வாசல் என்று சொல்பவர்களை மறுக்க முடியாது. ஆனால் அந்த வாசல் அவருக்காக வைக்கப்பட்டதல்ல. 2008-இல் உலு சிலாங்கூரில் தோற்ற ம.இ.கா.வின் பழனிவேலும் மேலவை வழியாகத்தான் அமைச்சரவைக்குள் போனார். ஆண்கள் பலர் நடந்து தேய்ந்த படியில் ஒரு பெண் ஏறும்போது மட்டும் புருவத்தை உயர்த்துவானேன்?

கேட்க வேண்டிய கேள்வி வேறு. அந்த வாசலின் சாவி யாரிடம்?

மேலவையில் 70 இடங்கள். 13 மாநிலச் சட்டமன்றங்கள் தலா இருவரை அனுப்புகின்றன. மீதி 44 பேர் மாமன்னரால் நியமிக்கப்படுபவர்கள், நடைமுறையில் பிரதமரின் பட்டியல். 1957-இல் கணக்கு தலைகீழாக இருந்தது: மாநிலங்களுக்கு 22, நியமனம் 16. நியமனத்துக்கு அரசியலமைப்பின் 45-ஆவது பிரிவு தகுதிகள் சொல்கிறது. பொதுச்சேவை, தொழில், விவசாயம், சமூகப்பணி, சிறுபான்மை இனங்களின் பிரதிநிதித்துவம், பூர்வகுடிகளின் நலன். எழுத்தின்படி பார்த்தால் தேயிலைத் தோட்டத்துத் தமிழ்ப் பெண்ணுக்கு விவசாயம், சிறுபான்மை என இரண்டு கதவுகள் திறந்திருக்கின்றன. ஆனால் பெயர்கள் எழுதப்படுவது கட்சித் தலைமையகத்தில். விடிகாலையில் பெரட்டுக்கு (தோட்டத்து ஆள்கணக்கெடுப்புக்கு) நிற்பவளின் பெயர் அங்கே போய்ச் சேர வழி ஏது?

இந்த முறையிலும் நல்லவர்கள் வந்ததுண்டு. ஜானகி ஆதி நாகப்பன் அப்படி வந்தவர். கோலாலம்பூரில் வசதியான வீட்டுப் பெண். நேதாஜியின் பேச்சைக் கேட்டு, காதில் கிடந்த தங்கத் தோட்டைக் கழற்றிக் கொடுத்தவர். தந்தையின் எதிர்ப்பைக் கரைத்து, நேதாஜியின் இந்தியத் தேசிய இராணுவத்துப் பெண்கள் பிரிவான ஜான்சி ராணிப் படையில் சேர்ந்து, அதன் துணைத் தளபதியானவர். 1945-இல் ரங்கூனிலிருந்து பாங்காக் நோக்கிப் பின்வாங்கிய பெண்களை வழிநடத்தியவர். 1946-இல் ஜான் திவியோடு ம.இ.கா.வைத் தொடங்கியவர்களில் ஒருவர். செனட்டர் பதவி இத்தனைக்கும் பிறகுதான் வந்தது. அவரால் மேலவைக்குப் பெருமை; மேலவை அவரை உருவாக்கவில்லை. இன்றைய விதிப்படி ஒரு தவணை மூன்றாண்டு, அதிகபட்சம் இரண்டு தவணை. இருக்கை சூடாவதற்குள் எழுந்துவிட வேண்டும்.

மேலவை இப்படியிருக்க, கேமரன் மலையில் இப்போது நிலைமை மாறிவிட்டது. 1929-இல் போ தேயிலைத் தோட்டம் தொடங்கிய காலத்திலிருந்து தமிழர் வளர்த்த சரிவுகளில், இயந்திரத்தை ஆளுக்கொரு முனையாகப் பிடித்துக்கொண்டு கொழுந்து வெட்டுபவர்களில் நேபாளிகளும் வங்கதேசிகளும் உண்டு. வெட்டிய கொழுந்து பின்னால் இழுபடும் நீளப் பையில் போய் நிரம்புகிறது. அந்த நேபாளிகளின் நாட்டில் மேலவை எப்படி? தேசியச் சபையில் 59 பேர். ஏழு மாநிலங்களிலிருந்தும் தலா எட்டுப் பேர் தேர்ந்தெடுக்கப்படுகிறார்கள். அந்த எட்டில் குறைந்தது மூவர் பெண்கள், ஒருவர் தலித், இன்னொருவர் மாற்றுத்திறனாளி அல்லது சிறுபான்மையர். மாநிலச் சட்டமன்ற உறுப்பினர்களோடு நகராட்சி, ஊராட்சித் தலைவர்களும் துணைத்தலைவர்களும் வாக்களிக்கிறார்கள். பதவிக்காலம் ஆறாண்டு. நியமன இடங்கள் மூன்றே மூன்று. அதிலும் ஒரு பெண்ணாவது இருக்க வேண்டும். ஆராய்ச்சியாளரான விமலா ராய் பௌத்யால் அந்தச் சபையில் இருந்துதான் 2023-இல் வெளியுறவு அமைச்சரானார், சில வாரங்களுக்கே என்றாலும். அங்கேயும் வேட்பாளரைப் பொறுக்குவது கட்சிதான். காத்மாண்டுத் தலைவர்கள் ஒன்றும் துறவிகள் அல்லர். ஆனால் மூன்று பெண்களின் இடத்தை ஆணுக்குக் கொடுக்க அவர்களால் முடியாது.

கேமரன் மலைத் தமிழருக்கு மேலவைப் பேச்சு தூரத்துச் சேதி அல்ல. 2004 முதல் அந்த நாடாளுமன்றத் தொகுதி ம.இ.கா. வசம் இருந்தது. 2013-இல் பழனிவேல் 462 வாக்கு வித்தியாசத்தில் தப்பினார். 2018 முடிவை நீதிமன்றம் செல்லாது என்றது. 2019 ஜனவரி இடைத்தேர்தலில் ம.இ.கா. அங்கம் வகிக்கும் தேசிய முன்னணி ரம்லி முகமது நோரை நிறுத்தியது. நாட்டின் முதல் ஓராங் அஸ்லி (தீபகற்பப் பூர்வகுடி) எம்.பி. அவர். அது நியாயமான முடிவு, காலம் கடந்து வந்த நியாயம். ஆனால் தொகுதி வழியில் இனி தமிழருக்கு வேட்பாளர் சீட்டு எளிதல்ல என்பதும் அதற்குள்ளேயே இருக்கிறது. அப்படியானால் மேலவையைத்தான் கேட்க வேண்டும், அதையும் சலுகையாகக் கேட்கக் கூடாது.

கேட்பதற்குச் சட்டத்திலேயே இடமுண்டு. அதே 45-ஆவது பிரிவின் நான்காவது உட்பிரிவு, மாநிலத்துக்கு மூன்று இடங்கள் தரவும், அவற்றை மக்களின் நேரடி வாக்கால் நிரப்பவும், நியமனங்களைக் குறைக்கவும் அல்லது ஒழிக்கவும் நாடாளுமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. பெண்களுக்கு ஒதுக்கீடு வேண்டுமானால் அரசியலமைப்பையே திருத்த வேண்டி வரலாம். மூன்றாவது இடத்துக்கும் நேரடி வாக்குக்கும் ஒரு சாதாரணச் சட்டம் போதும். எந்தக் கூட்டணி ஆண்டபோதும் அந்தச் சட்டம் வரவில்லை. 44 பெயர்களை எழுதும் பேனாவைக் கீழே வைக்க எந்தப் பிரதமருக்குத்தான் மனம் வரும்?