கலெக்டர் தாமதித்தால் மன்னிப்பு, விவசாயி தாமதித்தால் தள்ளுபடியா?



வரப்புத் தகராறோ, பாதை வழக்கோ, பாகப் பிரிவினையோ, முன்சீப் கோர்ட்டில் தோத்துப்போனால் மேல்கோர்ட்டுக்கு அப்பீல் போக நமக்குள்ள கெடு 30 நாள். ஐகோர்ட்டுக்கு இரண்டாவது அப்பீல் என்றால் 90 நாள். நகல் மனுப் போட்டு நகல் தயாராக ஆகும் நாட்களைக் கழித்துக்கொள்ளலாம். 1963-ம் வருஷக் காலவரையறைச் சட்டம் சொல்வது இது.

படிக்க நல்லாத்தான் இருக்கு. ஆனால் தீர்ப்பான சேதி நமக்கு எப்ப தெரியுது? நடவு, களை, அறுப்புன்னு கிடக்கையில் கேஸ் முடிஞ்சு போயிருக்கும். வக்கீல் குமாஸ்தா சொன்னால் உண்டு. பல பேருக்கு அமீனா வந்து வாசலில் நின்ற பிறகுதான் தெரியுது.

அப்புறம்தான் அதே சட்டத்தின் 5-வது பிரிவில் தாமத மன்னிப்பு மனு. போதுமான காரணம் காட்டினால் கோர்ட் மன்னிக்கலாம். இதில் பலரும் அறியாத ஆபத்து ஒன்று உண்டு. இந்த மனு முடிந்து அப்பீலை விசாரிக்கக் கோர்ட் முடிவெடுக்கும் வரை, கீழ்க்கோர்ட் டிகிரிக்குத் தடை கிடைக்காது. சிவில் நடைமுறைச் சட்டம் அப்படி. மன்னிப்பு மனு வாய்தாவில் கிடக்கும். எதிர்த்தரப்பு நிறைவேற்று மனுப் போட்டு நிலத்தில் கால் வைத்துவிடும்!

மன்னிப்பு யாருக்குக் கிடைத்தது என்றும் பாருங்கள். 1987-ல் உச்ச நீதிமன்றம் சொன்ன பெயர் பெற்ற தீர்ப்பு: ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் விளக்கம் கேட்பதென்றால் ஒவ்வொரு மணிக்கும் நொடிக்குமா கேட்பது, புத்தியோடு பாருங்கள் என்றது. நல்ல வார்த்தை. ஆனால் மன்னிப்புக் கேட்டு வந்தவர் யார்? காஷ்மீர் அனந்தநாக் நில எடுப்புக் கலெக்டர்! நிலம் கொடுத்தவர்களுக்குக் கூட்டிக் கொடுத்த இழப்பீட்டை எதிர்த்து 4 நாள் பிந்தி அப்பீல் போட்டவர். அதே உச்ச நீதிமன்றம் 2024-ல், ஆந்திராவில் நிலம் பறிகொடுத்தவர்களின் வாரிசுகள் 5659 நாள் பிந்தி வந்த வழக்கை ஏற்கவில்லை. பதினைந்து வருஷத்தை மன்னிக்கச் சொல்லி நாமும் வாதாடவில்லை. 427 நாள் பிந்திய தபால் துறையையும் 2012-ல் அது திருப்பித்தான் அனுப்பியது. அதை மறைக்க வேண்டியதில்லை.

நம்ம கேள்வி வேற. சர்க்காருக்கு வக்கீலுண்டு, ஆபீஸுண்டு, பைல் பார்க்க ஆளுண்டு. அறுப்பு நேரத்தில் 60 நாள் பிந்தியவனை அதே தராசில் நிறுத்துவது என்ன நியாயம்? 1998-ல் 883 நாள் தாமதத்தை மன்னித்தபோது, நாள் எத்தனை என்பதல்ல, சொல்லும் காரணம் நம்பும்படி இருக்கிறதா என்பதே முக்கியம் என்று சொன்னதும் உச்ச நீதிமன்றந்தானே!

காரணம் என்றதும் மஞ்சள்காமாலை ஞாபகம் வருது. நம்ம பக்கத்துக் கோர்ட்டுகளில் தாமத மனுவைப் பிரித்தால் பாதிப் பேருக்கு மஞ்சள்காமாலைதான்! படிக்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டு, குறுக்கு விசாரணையில் எந்த ஆஸ்பத்திரி என்றால் முழிக்கிறோம். நடந்ததை நடந்தபடி எழுதச் சொல்லுங்க. கடன் வாங்க அலைந்ததும், தீர்ப்பு தெரியாமல் போனதும் காரணந்தான். செலவுத்தொகை கட்டச் சொல்லி மன்னித்தால், அந்தத் தேதிக்குள் கட்டியே ஆகணும். தவறினால் மனு தள்ளுபடி.

தீர்ப்புச் சொல்லும் அன்றைக்கே, அப்பீலுக்குக் கடைசித் தேதி இது என்று தமிழில் ஒரு சீட்டு எழுதி இரு தரப்புக்கும் கொடுக்க வேண்டும். இதுவே நம் முதல் கோரிக்கை. சீட்டுப் போன பிறகும் பிந்தினால் கேளுங்கள், பதில் சொல்கிறோம். சிறுவிவசாயி போட்ட தாமத மனுவை ஆண்டுக்கணக்கில் இழுக்காமல் முடிக்க வேண்டும், அதுவரை நிலத்தில் கை வைக்கக் கூடாது. இதற்குச் சட்டத்தைத் திருத்தணும் என்றால் திருத்தட்டும்.

வழக்கில் தோத்தவர்கள் அன்றைக்கே நகல் மனுப் போடுங்க. பெண்களுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் வைக்க 1987-ம் வருஷச் சட்டத்தில் இடமிருக்கு. தாலுகா சட்டப்பணிகள் குழுவில் கேளுங்கள். கெடு தாண்டியவர்கள் டிகிரி நகலோடு சங்கக் கிளைக்கு வாங்க, சேர்ந்தே கோர்ட்டுக்குப் போவோம்.