பெயரில் சாதி இல்லை, கூப்பிடுவதில்?

வெளி மாநில நண்பர்களோடு சாதி பற்றி வாதாடும்போது நாம் தவறாமல் எடுத்து வைக்கும் பெருமை ஒன்று உண்டு: "எங்க ஊர்ல பேருக்குப் பின்னாடி சாதி போட மாட்டோம்." சர்மா, மிஸ்ரா, ரெட்டி என்று நீளும் பட்டியலில் தமிழ்ப் பெயர் மட்டும் ஓர் இனிஷியலோடு நிற்கும். பாஸ்போர்ட் விண்ணப்பத்தில் குடும்பப் பெயர் கேட்டால் அப்பா பெயரை எழுதிச் சமாளித்துவிடுவோம்.

இந்தப் பெருமை பொய்யில்லை. 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் கூடிய முதல் சுயமரியாதை மாகாண மாநாடு, சாதிப் பட்டங்களை விட்டொழிக்க வேண்டும் என்று தீர்மானம் போட்டது. மாநாட்டுக்குத் தலைமை தாங்கிய டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியன் 'நாடார்' பட்டத்தைத் துறந்தார். பெரியார் அதற்கு முன்பே 'நாயக்கர்' பட்டத்தை விட்டிருந்தார். இந்தியாவின் பிற பகுதிகளில் இன்றும் நடக்காத ஒன்றை இந்த மண் ஏறத்தாழ நூறு ஆண்டுகளுக்கு முன்பே தொடங்கிவிட்டது.

ஆனால் பட்டத்தைத் துறக்க வேண்டுமென்றால் முதலில் பட்டம் இருக்க வேண்டும். பெயரையே யாரும் முழுதாகச் சொல்லாத மக்கள் எதைத் துறப்பது?

மனுஸ்மிருதியின் இரண்டாம் அத்தியாயம் குழந்தைக்குப் பெயர் வைக்கவும் சட்டம் சொல்கிறது. பிராமணன் பெயரில் மங்கலம் இருக்க வேண்டும், சத்திரியன் பெயரில் வலிமை, வைசியன் பெயரில் செல்வம். சூத்திரன் பெயரில் இழிவு இருக்க வேண்டும், அடிமை வேலையைக் குறிக்க வேண்டும். வருணத்துக்கு வெளியே நிறுத்தப்பட்டவர்களுக்கு அங்கே பெயரைப் பற்றிய பேச்சே இல்லை. பெயர் என்பது மரியாதையைப் பங்கு போடும் கருவி என்பது அந்தக் காலத்திலேயே அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

வன்னியம்பட்டியைச் சுற்றி, ஸ்ரீவில்லிபுத்தூர், இராஜபாளையம் வட்டாரத்தில் புழங்கும் பெயர்களைப் பாருங்கள். மாரியப்பன், மாடசாமி, கருப்பசாமி, முனியாண்டி, பேச்சியம்மாள், குருவம்மாள். குலதெய்வமும் காவல் தெய்வமும் கொடுத்த பெயர்கள். பல சாதிகளுக்கும் பொதுவானவை. பெயரை மட்டும் வைத்துக்கொண்டு மாரியப்பன் யார் என்று உங்களால் சொல்ல முடியாது.

கூப்பிடும்போது தெரிந்துவிடும். ஒரு தெருவில் அவர் "மாடசாமிண்ணே". அதே வயதில், அதே பெயரில் இன்னொரு தெருவில் இருப்பவர் "ஏ, மாடா". கருப்பசாமி 'கருப்பன்' ஆவார், முனியாண்டி 'முனியா' ஆவார். கூப்பிடுகிறவனுக்குப் பத்து வயது, கூப்பிடப்படுகிறவருக்கு எழுபது வயது என்றாலும் இந்த இலக்கணம் மாறாது. இதில் 'சாமி' ஏன் முதலில் வெட்டுப்பட்டது என்று யோசியுங்கள். பண்ணையாரைத்தான் 'சாமி' என்று கூப்பிட வைத்திருந்தார்கள். வயலில் நிற்கும் கூலியாளையும் பண்ணையார் வாயால் 'கருப்பசாமி' என்று சொன்னால், யார் சாமி என்ற குழப்பம் வந்துவிடாதா?

அதனால்தான் தலித் அரசியலில் பெயர் எப்போதும் முதல் வரிசைப் பிரச்சினையாக இருந்திருக்கிறது. காத்தவராயன் என்ற சிறுவன் தன் ஆசிரியரின் பெயரை ஏற்று அயோத்திதாசர் ஆனார். பறையர், பஞ்சமர் என்ற சொற்களை அரசு ஆவணங்களிலிருந்து நீக்கி 'ஆதிதிராவிடர்' என்று எழுத வேண்டும் என எம்.சி. ராஜா சென்னைச் சட்டமன்றத்தில் போராடி, 1922இல் அதற்கு அரசாணை பெற்றார். நம் காலத்தில் விடுதலைச் சிறுத்தைகள் கட்சி தமிழ்ப் பெயர் சூட்டும் இயக்கம் நடத்தியது. அதில் திருமாவளவன், இராமசாமி என்ற தன் தந்தைக்குத் தொல்காப்பியன் என்று பெயர் சூட்டினார். ஊரெல்லாம் அப்பன் மகனுக்குப் பெயர் வைக்கும்போது, இங்கே மகன் அப்பனுக்குப் பெயர் வைத்தான். பறிபோன ஒன்றைத் திருப்பி எடுப்பது இப்படித்தான்.

விரும்பிய பெயரோடு வாழ்வதற்கும் இங்கே விலை உண்டு. 1950ஆம் ஆண்டு குடியரசுத் தலைவர் ஆணை, பட்டியல் சாதி உரிமையை இந்துக்களுக்கு மட்டும் என்று வரையறுத்தது. 1956இல் சீக்கியர்களும் 1990இல் பௌத்தர்களும் அதில் சேர்க்கப்பட்டார்கள். கிறித்தவர்கள் இன்றும் வெளியேதான். ஆகவே தேவாலயத்தில் ஒரு பெயர், பள்ளிச் சான்றிதழில் வேறு பெயர் என்று இரண்டு பெயரோடு வாழும் தலித் குடும்பங்கள் நம் மாவட்டங்களில் உண்டு. அம்மா கூப்பிடும் பெயரைச் சொன்னால் பட்டியல் சாதி உரிமை போய்விடும்.

இந்தப் பகுதியில் பெயரின் அரசியல் தெருவில் இறங்கி ரத்தம் பார்த்த ஆண்டு 1997. அன்றைக்குத் தமிழ்நாட்டுப் பேருந்துகள் தலைவர்களின் பெயரையும் மன்னர்களின் பெயரையும் தாங்கி ஓடின. சேரன், சோழன், பாண்டியன், கட்டபொம்மன், மருதுபாண்டியர், தீரன் சின்னமலை. எல்லாச் சாதியினரும் எல்லாப் பேருந்திலும் ஏறினார்கள். மருதுபாண்டியர் பேருந்தில் ஏற மாட்டேன் என்று எந்தத் தலித்தும் சொல்லவில்லை.

கட்டபொம்மனின் படைத்தளபதிகளில் ஒருவர் கவர்ணகிரி சுந்தரலிங்கம். தேவேந்திரர் சமூகத்தில் பிறந்தவர். விருதுநகர் மாவட்டத்துக்கென உருவாக்கப்பட்ட புதிய போக்குவரத்துக் கழகத்துக்கு அன்றைய தி.மு.க. அரசு 'வீரன் சுந்தரலிங்கம்' என்று பெயர் வைத்தது. கட்டபொம்மன் பெயரில் ஓடிய பேருந்தில் ஏறியவர்களால் கட்டபொம்மனின் தளபதி பெயரில் ஓடும் பேருந்தில் ஏற முடியவில்லை. ஆதிக்கச் சாதியினர் எதிர்த்தார்கள். அந்த மே மாதம் இராஜபாளையமும் ஸ்ரீவில்லிபுத்தூரும் சுற்றுக் கிராமங்களும் பற்றி எரிந்தன.

ஒரு பெயருக்கு ஏன் இவ்வளவு? சேரிக்குள் சுந்தரலிங்கத்துக்கு ஒரு மன்றம் இருந்திருந்தால் யாரும் கவலைப்பட்டிருக்க மாட்டார்கள். பேருந்து அப்படி ஓரிடத்தில் நிற்காது. அது ஊர்த் தெருவுக்குள் வரும், கோயில் வாசலைக் கடக்கும். பெயர் பலகையில் பெரிய எழுத்தில் இருக்கும். கையில் வாங்கும் டிக்கெட்டிலும் அந்தப் பெயர் வந்து சட்டைப்பையில் உட்காரும். 'மாடா' என்று கூப்பிட்டே பழகிய வாய் 'வீரன்' என்று வாசிக்க வேண்டும். அதைத்தான் தாங்க முடியவில்லை.

1997 ஜூலையில் அரசு ஒரு தீர்வு கண்டது: எல்லாப் பெயரையும் எடுத்துவிடுவது. போக்குவரத்துக் கழகங்களிலிருந்தும் மாவட்டங்களிலிருந்தும் தலைவர்கள் பெயர் நீங்கின. 1985இல் பிறந்த காமராஜர் மாவட்டம் விருதுநகர் மாவட்டம் ஆனது. இது சமத்துவமான முடிவு, அதனால் அமைதி திரும்பியது என்று சொல்பவர்கள் உண்டு. பற்றி எரியும் மாவட்டத்தில் தீயை அணைப்பது அரசின் முதல் கடமை என்பதை நானும் மறுக்கவில்லை. ஆனால் கணக்கைச் சரியாகப் போடுவோம். மறுக்கப்பட்டது ஒரே ஒரு பெயர். மறுத்தவர்களைத் தண்டிக்க முடியாத அரசு எல்லாப் பெயர்களையும் தண்டித்தது. ஒரு தலித் பெயர் வராமல் இருப்பதற்காக மற்ற எல்லாப் பெயரையும் இழக்கலாம் என்று முடிவானால், அதில் வென்றது யார்?

நம் பெயர்களுக்கும் இதேதான் நடந்திருக்கிறது. சாதிப் பட்டத்தை எடுத்தோம், சாதியை வேறு கேள்விகளில் தேடிக்கொண்டார்கள். வாடகைக்கு வீடு கேட்டுப் போனால், "எந்த ஊரு? ஊர்ல எந்தப் பக்கம்? குலசாமி எது?" மூன்றாவது கேள்வியில் பட்டம் திரும்பி வந்துவிடுகிறது.

2025 ஏப்ரலில், 'காலனி' என்ற சொல் அரசு ஆவணங்களிலிருந்தும் புழக்கத்திலிருந்தும் நீக்கப்படும் என்று முதல்வர் சட்டமன்றத்தில் அறிவித்தார். வரவேற்கிறோம். ஆனால் 'அம்பேத்கர் நகர்' என்று கேட்டவுடன் அது யார் குடியிருப்பு என்று எல்லாருக்கும் தெரிகிறதே, அதை எந்த ஆணை நீக்கும்? இந்திய அரசமைப்பை வரைந்தவரின் பெயர் ஊரின் ஓரத்தில் மட்டும் ஏன் நிற்கிறது? ஒதுக்கி வைத்த இடத்துக்கு எவ்வளவு உயர்ந்த பெயரை வைத்தாலும் சாதி அந்தப் பெயரையும் எட்டிப் பிடித்துவிடும். பெயர்ப் பலகையை மாற்றுவதோடு சேர்த்து, அது எங்கே நிற்கிறது என்பதையும் மாற்ற வேண்டும்.

ஆகவே நம் கோரிக்கை இன்னும் ஒரு படி மேலே போக வேண்டும். தெருப் பெயரிலிருந்து சாதியை நீக்கும்போது காலியாகும் இடத்தில் அயோத்திதாசரும் இரட்டைமலை சீனிவாசனும் சுந்தரலிங்கமும் வரட்டும். ஊர் நடுத்தெருவில், பேருந்து நிலையத்தில், எல்லாரும் சொல்லியே ஆக வேண்டிய இடத்தில் வரட்டும். 1997இல் ஒரு பெயர் எதனால் நீக்கப்பட்டது என்பதை நம் பள்ளிப் பிள்ளைகள் பாடமாகப் படிக்கட்டும்.

இதற்கெல்லாம் அரசாணை வேண்டும், காத்திருக்க வேண்டும். அரசாணை இல்லாமல் இன்றைக்கே செய்யக்கூடியது ஒன்று இருக்கிறது. பெயருக்குப் பின்னால் சாதி போடாத தோழரே, உங்கள் வீட்டுக்கும் வயலுக்கும் வேலைக்கு வரும் பெரியவரை உங்கள் அப்பா எப்படிக் கூப்பிடுகிறார்? அவருடைய முழுப் பெயர் உங்களுக்குத் தெரியுமா? தெரியாவிட்டால் கேளுங்கள். கேட்ட பெயரை வெட்டாமல், 'அண்ணே' சேர்த்து, உங்கள் அப்பாவுக்குக் கேட்கும்படி சத்தமாகக் கூப்பிடுங்கள்.