காட்டுக்குள்ள கேமரா: ரசிக்க மட்டுமா, ஆதாரத்துக்குமா?

மீன்கொத்தி தண்ணீரில் பாயும் ரீல்ஸை 15 நொடி பார்த்துவிட்டு அடுத்ததுக்குப் போயிடுறோம். அந்த மாதிரி ஒரு ஷாட்டுக்குப் பின்னால் என்ன வேலை இருக்கு? அதனால் ஏதாவது மாறியிருக்கா?

எவ்வளவு காத்திருக்கணும்?

2023-ல் ஆஸ்கர் வென்ற 'தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்' முதுமலை தெப்பக்காட்டில் எடுக்கப்பட்டது. படம் சுமார் 40 நிமிடம். கார்த்திகி கொன்சால்வஸ் குழு 5 ஆண்டுகளில் பதிவு செய்தது 450 மணி நேரம். அதாவது, திரையில் ஒரு நிமிடத்துக்கு 11 மணி நேரத்துக்கு மேல் ஷூட்டிங். கேமராவை ஆன் செய்யாமல் காத்திருந்த நேரம் தனி.

யார் வேண்டுமானாலும் எடுக்கலாமா?

சரணாலயம், தேசியப் பூங்கா என்றால் முடியாது. வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் 1972-ன் 28-வது பிரிவின்படி தலைமை வன உயிரினக் காப்பாளரின் அனுமதி வேண்டும். விலங்குக்கும் வாழிடத்துக்கும் பாதிப்பு வரக்கூடாது என்பது நிபந்தனை. அதனால்தான் தூரத்தில் இருந்தே எடுக்க உதவும் நீளமான லென்ஸ், இலைதழையோடு கலந்துபோகும் மறைவிடம் எல்லாம்.

ஒரு படத்தால் என்ன ஆகும்?

சென்னைக்காரரான சேகர் தத்தாத்ரி பள்ளிப் பருவத்திலேயே பாம்புப் பண்ணையில் தன்னார்வலராகச் சேர்ந்தவர். 'சைலன்ட் வேலி', 'நாகரஹொளே' படங்களால் பெயர் பெற்றார். 2001-ல் அவர் எடுத்த குறும்படம் 'மைண்ட்லெஸ் மைனிங்'. கர்நாடகாவின் குதிரேமுக் தேசியப் பூங்காவில் ஒரு பொதுத்துறை நிறுவனம் இரும்புத்தாது வெட்டியதையும், பத்ரா ஆறு பட்ட பாட்டையும் அது காட்டியது.

சுரங்கத்துக்கு எதிரான பிரசாரத்தில் அந்தப் படம் முக்கியக் கருவியானது. 2002-ல் உச்ச நீதிமன்றம் சுரங்கத்தை மூடச் சொன்னது. 2005 டிசம்பர் 31-ஓடு வேலை நின்றது. படம் மட்டுமே சாதித்ததில்லை. வழக்குப் போட்டவர்கள், ஆய்வாளர்கள், ஊர் மக்கள் எல்லோரும் சேர்ந்து இழுத்த தேர் அது. ஆனால், காகிதத்தில் இருந்த சேதத்தைக் கண்ணால் பார்க்க வைத்தது கேமராதான்.

நெய்வேலி பக்கம் இருப்பவர்களுக்கு இதில் என்ன?

2023 ஜூலையில் வளையமாதேவியில் விளைந்து நின்ற நெல் வயலில் பொக்லைன் இறங்கியதை ஊரே பார்த்தது செல்போன் வீடியோவில். சேதம் நடந்த நாள் பதிவாகிவிட்டது. அதற்கு முந்தைய வருடங்களில் அந்த வயலுக்கு எந்தப் பறவை வந்தது, வாய்க்காலில் என்ன மீன் இருந்தது? அந்தப் பதிவு யாரிடம் இருக்கு? 'முன்பு இப்படி இருந்தது' என்று காட்ட ஏதாவது இருந்தால்தான் 'இப்போது இல்லை' என்ற வாதம் நிற்கும்.

அதற்கு ஆஸ்கர் கேமரா வேண்டாம். குள்ளஞ்சாவடியில் இருந்து பெருமாள் ஏரிக்கு பைக்கில் போகலாம். ஒரே இடம், ஒரே கோணம், மாதம் ஒரு முறை, தேதியோடு ஒரு வீடியோ. கூட்டுக்குப் பக்கத்தில் போகாதீங்க, பறவையை விரட்டிப் பறக்க வைக்காதீங்க. முதல் வருடம் யாரும் லைக் போட மாட்டாங்க. பத்தாவது வருடம் அதைத் தேடி யாராவது வருவாங்க.